இரைச்சல் நீக்கம்

ஜெனிற்றா, உன் முதல் பாட்டை
மூன்று நாள் இருந்து கழுவினேன்.
குருநகர் ஐஸ் பக்டரி மதிலுக்கு
முதுகு கொடுத்து நிற்கிற அறை உன்னுடையது.
நீ வாய் திறக்க முன்னமே மோட்டர் தொடங்கிவிடும்.
யன்னலுக்கு மெத்தை சாத்தினோம்,
கதவிடுக்கில் உன் அண்ணனின் சாரத்தைத் திணித்தோம்.
மெத்தைக்குள்ளாலும் வந்தது.
கொம்பியூட்டரில் அந்த ‘ம்ம்ம்’மை மட்டும் தேடி
திரளிக்கு முள் எடுப்பதுபோல் எடுத்தேன்.
கேட்டுவிட்டுச் சொன்னாய்:
“வடிவாத்தான் இருக்கு. ஆர் இந்தப் பிள்ளை?”

அப்போது கல்யாண ஹோல்களில்
மற்றவர்களின் பாட்டுப் பாடிக்கொண்டிருந்தாய்.
ஒரு மாலைக்கு ஐயாயிரம், சாப்பாடு, ஓட்டோக்காசு.
புகை மெஷினுக்குப் பின்னால் நின்று
பைலா, கேட்டால் இன்னொரு தரம் பைலா.
ஒருநாள் இடையில் உன் சொந்தப் பாட்டைச் செருகினாய்.
மாப்பிள்ளையின் சித்தப்பா மேடைக்கு வந்து
“தங்கச்சி, சவுண்ட் செக்கிங் முடிஞ்சுதோ?” என்றார்.
‘சவுண்ட் செக்கிங்’ என்றே
முதல் தொகுப்புக்குப் பெயர் வைத்தாய்.
நாற்பது சீடி அடித்தோம், பதினொன்று விற்றது.
அதிலும் மூன்று என் அக்கா வாங்கியது.

அந்தப் பதினொரு பேருக்கும் நீ பழகுவதற்குள்
சுன்னாகத்துப் பெடியள் மூவரோடு
கறுப்பு ரீசேட்டில் வந்து நின்றாய்.
ஞாயிறு பின்னேரம், ரியூசன் கொட்டில்,
பலகையில் அழிக்காத இரசாயனச் சமன்பாடு,
அதன்முன் நீ தொண்டை கிழியக் கத்தினாய்.
பாதிப் பாட்டில் கரண்ட் போனது.
அம்ப் செத்தது, கிற்றார்கள் செத்தன,
கபிலேசன் மட்டும் இருட்டில் றம்ஸ் அடித்தான்,
நீ மைக் இல்லாமல் முடித்தாய்.
பங்குத்தந்தை ஒன்றும் சொல்லவில்லை.
அடுத்த கிழமை பாடகர் குழுவில்
உன் இடத்தில் வேறொருத்தி நின்றாள்.

எனக்குக் கோபம்தான்.
கிற்றாரும் நீயுமாய் மெல்லமெல்லச் சேர்த்த காதுகளை
ஒரு பின்னேரத்தில் கலைத்துவிட்டாய் என்று
ஒன்பது மாதம் உன்னோடு கதைக்கவில்லை.

திரும்பி வந்தபோது கபிலேசன் பிரான்சில்,
றம்ஸ் நாவற்குழியில் யாரோ வீட்டில்,
உன் மடியில் பழைய சம்பிளர் ஒன்று.
விடிய நாலரைக்கு மீன் சந்தைக்குப் போய்
ஏலம் கூறுகிற மடுத்தீனைப் பதிந்து வந்தாய்.
ஆயிரத்து நூறு, நூறு, நூறு, நூறு
என்று அந்த ஆள் உன் தாளத்துக்குள் சுற்றிக்கொண்டே இருந்தார்.
“என்ரை தொண்டைக்குக் காசில்லையோ?” என்று
வீட்டுக்கே வந்து கேட்டார். அறுநூறு கொடுத்தாய்.
எங்கள் தொழிலில் ஒழுங்காகப் போய்ச் சேர்ந்த
ஒரேயொரு உரிமைப்பணம் அது.

கொழும்பு விழாவொன்றுக்கு விண்ணப்பம் நிரப்பினோம்.
இசை வகை: ஒன்றை மட்டும் தெரிவு செய்க.
நீ ‘வேறு’ என்பதைத் தொட்டாய்.
‘விபரிக்க’ என்றது.
லப்டொப்பை மூடிவிட்டுப்
புட்டுச் சாப்பிடப் போனாய்.

போன வருசம் பக்டரிக்குப் புது மோட்டர் பூட்டினார்கள்.
அன்றிரவு பதினொரு மணிக்குப் போன்:
“என்ரை பாட்டெல்லாம் பிசகிப்போச்சு.
கிற்றாரோ நானோ தெரியேல்லை.”
பழைய ஹார்ட் டிஸ்க்கைத் தூசி தட்டினேன்.
கல்யாண ஹோல், கொட்டில், மீன் சந்தை,
ஒவ்வொன்றாய்ப் போட்டுப் பார்த்தேன்.
எல்லாம் ஒரே சுருதி.
நான் பாட்டுக்குப் பாட்டு சுரண்டி எறிந்த
அந்த மோட்டரின் சுருதி.
அதை எடுத்துவிட்டேன் என்றுதான் இருந்தேன்.
அது நின்ற இடத்தில்தான் நீ நின்றிருக்கிறாய்,
கத்தும்போதும்.

இதை உன்னிடம் சொல்லவில்லை.
சொன்னால் பிடிவாதத்துக்கு
வேறு சுருதியில் போய் நிற்பாய்.

இப்போது புதிதாய் நாலு பாட்டு.
அரைச் சுருதி மேலே, உச்சத்தில் குரல் கொஞ்சம் உடைகிறது,
என்ன வகை என்று நானும் கேட்கவில்லை.
நேற்றுப் பதிய வந்தபோது
பழக்கத்தில் யன்னலுக்கு மெத்தையைத் தூக்கப் போனேன்.
அதில் உன் மகன் வாய் திறந்தபடி நித்திரை.
சரி, கிடக்கட்டும் என்று
சிவப்புப் பொத்தானை அழுத்தினேன்.